மேல் பாதி பிரபாவதிக்கு

செங்கல்பட்டில் கார் ஓட்டும் பெண்களை வரிசையாக நிற்க வைத்தால், அதில் பாதிப் பேராவது பிரபாவதியிடம் திட்டு வாங்கியவர்களாக இருப்பார்கள். டீச்சர்கள், நர்சுகள், ரயில்வே குவார்ட்டர்ஸ் பெண்கள், கல்யாணப் பேச்சு எடுத்தவுடன் அவசர அவசரமாக லைசென்ஸ் எடுக்க ஓடி வந்தவர்கள் என்று பத்தொன்பது வருடத்தில் எத்தனை பேரை ரோட்டில் இறக்கிவிட்டாள் என்று அவளுக்கே தெரியாது. திருவேங்கடம் நடத்தும் டிரைவிங் ஸ்கூலில் பெண்களுக்குச் சொல்லிக்கொடுக்க அவள் ஒருத்திதான். எல் போர்டு மாட்டிய வெள்ளைக் காரில் இடது பக்க சீட் அவளுடையது. அவள் காலடியில் தனியாக ஒரு கிளட்ச், ஒரு பிரேக். ஓட்டுகிறவள் தப்புப் பண்ணினால் இவள் மிதிப்பாள். தப்புப் பண்ணப் போகிறாள் என்று தோன்றினாலும் மிதிப்பாள்.

பிறந்தது படாளத்தில். அப்பா கரும்பு வைத்திருந்தார். பதினாறு வயதில் டிராக்டரை எடுத்து, லோடோடு ஆலை வாசல் வரைக்கும் போய் வந்தவள். பயம் என்றால் என்னவென்று அவளுக்குச் சொந்தமாகத் தெரியாது. பக்கத்து சீட்டில் உட்கார்ந்திருக்கிறவர்களின் முகத்தைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டாள்.

இத்தனை பேருக்குச் சொல்லிக்கொடுத்தவளால் ஒரே ஒருவருக்குச் சொல்லிக்கொடுக்க முடியவில்லை. அது கட்டின புருஷன்.

பன்னீர்செல்வம் நெம்மேலியில் கடல்தண்ணீரைக் குடிதண்ணீராக்கும் பிளான்டில் ஷிப்ட் ஆபரேட்டர். விடிகாலையில் கம்பெனி வேன் வந்து தெருமுனையில் நிற்கும். ஜன்னலோர சீட்டில் உட்கார்ந்து திருப்போரூர் வரும் வரை ஒரு குட்டித் தூக்கம் போடுவார். சைக்கிளைத் தாண்டி எதையும் ஓட்டியதில்லை. பிரபாவதி வேலையில் சேர்ந்த புதிதில், ஒரு ஞாயிற்றுக்கிழமை அவரைக் கொளவாய் ஏரிப் பக்கம் கூட்டிப் போய் ஸ்டியரிங்கைக் கையில் கொடுத்தாள். ஒரு கிலோமீட்டர் கூடப் போயிருக்க மாட்டார்கள். வண்டியை நிறுத்தினார். கதவைத் திறந்தார். செருப்பைச் சரியாக மாட்டிக்கொண்டு வீட்டைப் பார்த்து நடக்க ஆரம்பித்துவிட்டார். மூன்று நாள் பேச்சு இல்லை. நான்காம் நாள் பேச்சு வந்தது, ஆனால் அந்தப் பேச்சு மட்டும் வரவே இல்லை. பதினெட்டு வருடமாக வரவில்லை.

போன ஆடியில் பிரபாவதி படாளத்துக்குக் கூழ் ஊற்றப் போனாள். அண்ணன் ராஜாராமின் டிராக்டர் டிரெய்லரிலிருந்து பாத்திரத்தை இறக்கிவிட்டுத் தானும் இறங்கும்போது, கூழ் சிந்திய இடத்தில் கால் வைத்தாள். வலது கணுக்கால் முறிந்தது. முட்டி வரைக்கும் மாவுக்கட்டு. ஆறு வாரம் காலைக் கீழே ஊன்றக்கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார்.

"ஆறு வாரமா? வண்டிய யாரு பாத்துக்கிறது?" என்றாள் பிரபாவதி.

"வண்டி தன்னைத்தானே பாத்துக்கும், நீ காலப் பாரும்மா," என்றார் திருவேங்கடம்.

இரண்டே நாளில் வீட்டில் இருந்தவர்களுக்குப் பைத்தியம் பிடித்தது. வீட்டில் இருந்தது பன்னீர்செல்வம் மட்டும்தான். கட்டிலில் உட்கார்ந்தபடியே அவர் சாதம் வடிப்பதை, துணி காயப்போடுவதை, கேஸ் அணைப்பதை எல்லாம் அவள் ஓட்டினாள். மூன்றாம் நாள் அவர் பெங்களூரில் வேலை பார்க்கும் மகள் ஹரிப்ரியாவுக்குப் போன் போட்டு, "உங்கம்மாவ ஒரு வாரம் வந்து இட்டுகினு போ," என்றார்.

ஹரிப்ரியா சனிக்கிழமை வந்தாள். அம்மாவைக் கூட்டிப்போக அல்ல. பையிலிருந்து ஒரு கறுப்புப் பெட்டியையும் இரண்டு கன்ட்ரோலர்களையும் எடுத்து டிவிக்குக் கீழே வைத்தாள். அவள் புதியது வாங்கிவிட்டாளாம், பழையது சும்மாதான் இருக்கிறதாம்.

"இன்னாடி இது?"

"கார் கேம்மா. உனுக்குன்னே செஞ்சது."

கார் கேம் என்றால் பந்தயம் என்று நினைத்தாள் பிரபாவதி. இது பந்தயம் இல்லை, சண்டை. ஒவ்வொரு காரின் தலையிலும் ஒரு துப்பாக்கி. டிக்கியைத் திறந்தால் கண்ணிவெடி விழும். இடிந்துபோன ஒரு நகரத்துக்குள் விட்டுவிடுவார்கள். எதிரிக் காரை அடித்து நொறுக்க வேண்டும், அவ்வளவுதான். நொறுங்கிய கார் கொஞ்ச நேரத்தில் மறுபடி முழுசாக வந்துவிடும். டிவியைக் குறுக்கே இரண்டாகப் பிளந்து, மேல் பாதியில் ஒருவரின் வண்டி தெரியும், கீழ்ப் பாதியில் இன்னொருவரின் வண்டி.

"மேல நீ, கீழ நைனா. ரெண்டு பேரும் ஒரே டீமு. எதிர்ல ரெண்டு பேரு நெட்டுல வருவாங்க," என்றாள் ஹரிப்ரியா.

"எந்த ஊர்க்காரங்க?"

"எந்த ஊரா வேணாலும் இருக்கும்மா. உனுக்கு என் அக்கவுண்ட்டு. நைனா கெஸ்ட்டா வரட்டும்."

"யாரு கெஸ்ட்டு? இது என் வூடு," என்றார் பன்னீர்செல்வம்.

ஆனாலும் அவர் கெஸ்ட்தான். பிரபாவதியின் காருக்கு மேலே 'ஹரிப்ரியா_செங்கை' என்று பெயர் மிதந்தது. பன்னீர்செல்வத்தின் காருக்கு மேலேயும் அதே பெயர்தான், பக்கத்தில் மட்டும் ஒன்று என்ற எண்.

முதல் ஆட்டத்தில் பிரபாவதி கேட்ட முதல் கேள்வி, "இன்டிகேட்டர் எங்க கீது?"

"இல்லம்மா."

"ஹாரனு?"

"அது கீது."

அன்றைக்கு முழுவதும் அவள் ஹாரன்தான் அடித்தாள். இடது பக்கமாகவே போனாள். திருப்பத்தில் வேகத்தைக் குறைத்தாள். எதிரே ஒருவன் துப்பாக்கியோடு வந்தால் ஓரம் கட்டி வழி விட்டாள். வழி விட்டவளை அவன் சுட்டுவிட்டுப் போனான். பன்னீர்செல்வமோ வாழ்க்கையில் முதல் முறையாகக் கையில் வண்டி கிடைத்த மனிதராக, கிடைத்ததையெல்லாம் இடித்தார். ரிவர்ஸிலேயே போய் ஒரு எதிரியைத் தூக்கினார். பாலத்திலிருந்து ஆற்றுக்குள் பாய்ந்தார். பாயும்போது சிரித்தார். இருபத்தாறு வருடக் குடித்தனத்தில் அவர் அப்படி வாய்விட்டுச் சிரித்து பிரபாவதி பார்த்ததில்லை.

ஹரிப்ரியா ஞாயிறு ராத்திரி பஸ் ஏறினாள். பெட்டி தங்கிவிட்டது. திங்கள்கிழமை காலை ஷிப்ட் முடிந்து மூன்றரை மணிக்கு வீட்டுக்குள் நுழைந்த பன்னீர்செல்வம், கை கால் கழுவிவிட்டு நேராக வந்து கட்டிலுக்குக் கீழே தரையில் உட்கார்ந்தார். "இன்னா, போடலாமா?" என்றார்.

அதிலிருந்து தினமும் அந்த நேரம் ஆட்ட நேரமாகிவிட்டது. அவள் கட்டிலில் காலை ஸ்டூல் மேல் நீட்டி, அவர் தரையில் முதுகைக் கட்டிலில் சாய்த்து.

தோற்றார்கள். தினமும் தோற்றார்கள். பன்னீர்செல்வம் இடித்துத் தோற்றார் என்றால் அதில் ஒரு நியாயம் உண்டு. பிரபாவதி தோற்றதற்குக் காரணம் வேறு. அவள் தன் பாதியைப் பார்ப்பதே இல்லை. கண் தானாகக் கீழ்ப் பாதிக்குப் போய்விடும். பத்தொன்பது வருடப் பழக்கம். பக்கத்து ஆள் ஓட்டுவதைப் பார்த்தே சம்பளம் வாங்கினவள். கையில் தானே ஒரு வண்டி வைத்திருக்கிறோம் என்பது அவளுக்கு ஞாபகமே வராது. அந்த வண்டி நடுரோட்டில் அனாதையாக நிற்கும், எவனாவது வந்து கொளுத்திவிட்டுப் போவான்.

"திரும்புங்க, திரும்புங்க! ஐயோ, இவ்ளோ ஸ்பீடுலயா வளைக்கிறது? கிளட்ச்ச வுடுங்க! பிரேக்க புடிங்க!" என்று கத்துவாள். கத்துவதோடு நிற்காது. அவருடைய கார் சுவரை நோக்கிப் போகும்போதெல்லாம் மாவுக்கட்டுப் போட்ட அவளுடைய வலது கால் பிரேக்கைத் தேடி ஸ்டூலை மிதிக்கும். அடுத்த நொடி, "அம்மா!" என்று அலறுவாள்.

மறுபடி எக்ஸ்ரே எடுத்துப் பார்த்த டாக்டர் கண்ணாடியைக் கழற்றினார். "காலுக்கு ஏதாவது வேலை கொடுக்கறீங்களா?"

"இல்ல சார், உக்காந்த எடத்துலயேதான் கீறேன்."

ஒருநாள் அவள் கத்திக்கொண்டிருக்கும்போது டிவிக்குள்ளிருந்து ஒரு ஆண் குரல் வந்தது. "அக்கா, மன்னிக்கணும். இதுல கிளட்சே கிடையாது."

பிரபாவதி கன்ட்ரோலரைக் கீழே போட்டுவிட்டாள். யாரோ வீட்டுக்குள் வந்துவிட்டதாகவே நினைத்தாள். ஹரிப்ரியா மைக்கை அணைக்காமல் போயிருக்கிறாள். எதிர் டீமில் இருந்தவர் நாகர்கோவிலில் ஒரு கடையில் கணக்கெழுதும் ஜெபகுமார். ஒரு வாரமாக இவர்களோடு அடிக்கடி மோதுகிறாராம், ஒரு வாரமாக இந்தக் கத்தலையும் கேட்டுக்கொண்டிருக்கிறாராம்.

"ஒங்க வீட்டுக்காரர் நல்லாத்தான் ஓட்டுதாரு. நீங்கதான் ஓட்டவே மாட்டேங்கீங்க," என்றார் ஜெபகுமார்.

பன்னீர்செல்வத்துக்கு அன்றைக்கு இரண்டு டம்ளர் காபி இறங்கியது. பிரபாவதிக்கு அரை டம்ளர் கூட இறங்கவில்லை.

மறுநாள் ஆட்டத்தில் அவள் கத்தலைக் குறைத்தாள். ஆனால் கண்ணைத் திருப்ப முடியவில்லை. அவளுடைய வண்டி மூன்றாம் தடவை எரிந்தபோது பன்னீர்செல்வம் கன்ட்ரோலரை மடியில் வைத்தார்.

"பிரபா. உன் பாதிய பாரு."

"பாத்துகினுதான் கீறேன்."

"நீ என் பாதிய பாத்துகினு கீற. உன் வண்டி எரியுது."

"நீங்க நேரா ஓட்டினா நான் இன்னாத்துக்குப் பாக்கப் போறேன்?"

பன்னீர்செல்வம் எழுந்து போய், பரண் மேல் கிடந்த பிரிட்ஜ் அட்டைப் பெட்டியை இறக்கினார். ஒன்றரை அடி அகலத்துக்கு ஒரு பட்டையை வெட்டி, டிவியின் நடுவில், மேல் பாதிக்கும் கீழ்ப் பாதிக்கும் இடையில், பலகை மாதிரி முன்னால் நீட்டிக்கொண்டிருக்கும்படி டேப் போட்டு ஒட்டினார். கட்டிலில் இருந்தவளுக்குக் கீழ்ப் பாதி மறைந்தது. தரையில் இருந்தவருக்கு மேல் பாதி மறைந்தது.

"இப்ப ஆடு," என்றார்.

ஆடினார்கள். அட்டை இருந்த மூன்று நாளும் வீடு அமைதியாக இருந்தது. பிரபாவதி வேறு வழியில்லாமல் தன் வண்டியைத் தானே பார்த்து ஓட்டினாள். பார்த்து ஓட்டினால் அவள் ஓட்டுவது ஒரு ஓட்டம்தான். ஸ்டியரிங் பழகிய கை, டிராக்டர் பழகிய கை. எதிரிகளை மூன்று தடவை தனியாக வீழ்த்தினாள். முதல் தடவை ராக்கெட் விட்டபோது, "சாரி," என்று டிவியிடம் சொன்னாள். இரண்டாம் தடவை சொல்லவில்லை. இருந்தும் மொத்தத்தில் முன்பைவிட மோசமாகத் தோற்றார்கள். காரணம் கீழே இருந்தது. பன்னீர்செல்வத்தின் முதுகுக்குப் பின்னால் வருகிறவனைச் சொல்ல இப்போது ஆள் இல்லை. சந்தில் ஒளிந்திருக்கிறவனைச் சொல்ல ஆள் இல்லை. அவள் கத்திய கத்தலில் பத்தில் எட்டு வெறும் கத்தல் என்றாலும், மீதி இரண்டு அவருடைய உயிரைக் காப்பாற்றிக்கொண்டிருந்தது.

மூன்றாம் நாள் தொடர்ந்து ஏழாவது தடவை வெடித்துச் சிதறியதும் பன்னீர்செல்வம் எழுந்தார். அட்டையைப் பிடித்து ஒரே இழுப்பு. டேப்போடு டிவியின் ஓரத்துப் பெயின்டும் கொஞ்சம் வந்தது.

"பேஜாரா போச்சு. நீ பாத்துகினே ஓட்டு," என்றார். "ஆனா ஒண்ணு. பிரேக்க புடி, கிளட்ச்ச வுடுன்னு சொல்லக்கூடாது. எவன் எங்க கீறான்னு மட்டும் சொல்லு. புடிக்கிறதும் வுடறதும் என் வேல."

அது எவ்வளவு கஷ்டம் என்று சொல்லிப் பார்த்தால்தான் தெரியும். அவர் சுவரில் மோதப் போகிறார். 'பிரேக்' என்ற சொல் பிரபாவதியின் நாக்கு நுனி வரை வந்து நிற்கிறது. அதை விழுங்கிவிட்டு, "முன்னால சொவுரு," என்கிறாள். அவர் வளைக்கிறார். அவள் வளைத்திருக்கக்கூடிய விதத்தில் அல்ல, கண்ணராவியாக. ஆனால் வளைத்துவிடுகிறார்.

"பின்னால பச்சக் காரு."

"பாத்துட்டேன்."

"பாலத்துக்குக் கீழ ஒருத்தன்."

"அவன நீ எடு, நான் பச்சைய எடுக்கிறேன்."

ஒரு கண் மேலே, ஒரு கண் கீழே. இரண்டு வண்டியும் ஒரே டிவியில் இருந்தது அவர்களுக்கு வசதியாகப் போயிற்று. எதிரிகள் ஆளுக்கொரு ஊரில் உட்கார்ந்து, மைக்கில் ஒருவரையொருவர் கூப்பிட்டுச் சொல்லி முடிப்பதற்குள், இங்கே பிரபாவதி நல்ல காலால் பன்னீர்செல்வத்தின் தோளில் ஒரு இடி இடிப்பாள். இடது தோள் என்றால் இடது பக்கம் ஆள். வலது தோள் என்றால் வலது. அந்த வாரம் வெள்ளிக்கிழமை முதல் தடவையாக ஒரு ஆட்டத்தை ஜெயித்தார்கள். எதிரில் இருந்தது ஜெபகுமாரும் அவர் கூட்டாளியும்.

"அக்கா, இன்னைக்கு சத்தமே இல்லியே? ஒடம்பு சரியில்லியோ?" என்று கேட்டது நாகர்கோவில்.

மாவுக்கட்டைப் பிரித்த வாரம் ஆட்டத்தில் ஒரு புது சிக்கல் வந்தது. டிவியைப் போட்டால் ஒரு அறிவிப்பு நின்றது. ஹரிப்ரியா வீடியோ காலில் படித்துச் சொன்னாள். இனிமேல் நெட்டில் ஆட ஒவ்வொருவருக்கும் தனி அக்கவுண்ட் வேண்டுமாம். டிவியைப் பிரித்து ஆடலாம், ஆனால் கெஸ்ட் உள்ளே வரக்கூடாது.

"நைனா, உனுக்கு ஒரு பேரு சொல்லு. போட்டுடலாம்."

"பன்னீர்."

"எவனோ எடுத்துட்டான்."

"பன்னீர்செல்வம்."

"அதுவும் போச்சு. நெறைய பன்னீர்செல்வம் கீறாங்க நைனா."

அவர் சொன்ன ஒன்பது பெயரும் ஏற்கெனவே யாரிடமோ இருந்தது. குலதெய்வத்தின் பெயரையும் எவனோ வைத்துக்கொண்டிருந்தான். மனிதர் வாடிப்போனார். கடைசியில் பிரபாவதிதான், "படாளத்து மாப்ளன்னு போடுடி. அத எவனும் எடுத்திருக்க மாட்டான். எங்கூட்டுக்கு மாப்ள இவரு ஒருத்தர்தான்," என்றாள்.

கிடைத்துவிட்டது. பிரபாவதியும் மகள் பெயரை விட்டுவிட்டுத் தனக்கென்று ஒன்று எடுத்தாள். ஹரிப்ரியாவே வைத்த பெயர் அது: 'பிரேக்_பிரபா'. அன்றைக்குப் படாளத்து மாப்பிள்ளை ஒரே ஆட்டத்தில் எதிரிகளை ஐந்து தடவை வீழ்த்தினார். டிவியில் தன் பெயருக்கு நேரே நட்சத்திரம் சுற்றுவதைப் போனில் போட்டோ எடுத்து மச்சான் ராஜாராமுக்கு அனுப்பினார்.

போனைக் கீழே வைத்தபோது பிரபாவதி கேட்டாள், யோசிக்காமல், வாயில் வந்தபடி.

"இவ்ளோ நல்லா ஓட்டறீங்க. அன்னிக்கு ஏன் ஏரிக்கிட்ட எறங்கிப் போனீங்க?"

பன்னீர்செல்வம் டிவியைப் பார்த்தபடியே இருந்தார். "பதினோரு வாட்டி," என்றார்.

"இன்னா பதினோரு வாட்டி?"

"நீ பிரேக்க மெறிச்சது. எண்ணிகினே வந்தேன். நான் ஒருவாட்டி கூட மெறிக்கல, பிரபா. மெறிக்கலாம்னு கால எடுத்துகினு போவேன், அதுக்குள்ள வண்டி நின்னுகினு இருக்கும். கிளட்ச்சும் நீ, பிரேக்கும் நீ. ஸ்டியரிங்க கூட ஒரு கை புடிச்சிருந்த. நான் சும்மா பொம்ம மாதிரி ஒக்காந்துகினு வந்தேன். அதான், நீயே ஓட்டிகினு வான்னு எறங்கி நடந்துட்டேன்."

"அத அன்னிக்கே சொல்றதுக்கு இன்னா?"

"சொல்லியிருந்தா கேட்டிருப்பியா?"

கேட்டிருக்க மாட்டாள். அது இரண்டு பேருக்கும் தெரியும். பிரபாவதி எழுந்து சமையலறைக்குப் போனாள். கால் இன்னும் கொஞ்சம் நொண்டியது. அடுப்பில் ஒன்றும் இல்லை, இருந்தாலும் கொஞ்ச நேரம் அங்கேயே நின்றாள். அவள் மனதில் ஓடியது ஏரிக்கரை மட்டும் இல்லை. பத்தொன்பது வருடமாக அவள் பக்கத்தில் உட்கார்ந்து ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டிருந்த முகங்கள். அதில் எத்தனை பேர் ஓட்டினார்கள், எத்தனை பேர் பொம்மையாக வந்து போனார்கள்? லைசென்ஸ் வாங்கிய பிறகும் கணவன் பக்கத்தில் இல்லாமல் வண்டியை எடுக்கமாட்டேன் என்கிறவர்களை அவளுக்குத் தெரியும். 'பயந்தாங்கொள்ளிங்க' என்றுதான் இத்தனை நாள் நினைத்திருந்தாள்.

திங்கள்கிழமை வேலைக்குத் திரும்பினாள். முதல் வகுப்பு துர்காதேவிக்கு. ஆஸ்பத்திரியில் நர்ஸ், முப்பத்தைந்து வயது, ஊசி போடும்போது நடுங்காத கை ஸ்டியரிங்கைத் தொட்டால் நடுங்கும். லைசென்ஸுக்காக மூன்று தடவை பிரேக் இன்ஸ்பெக்டர் முன்னால் ஓட்டிக் காட்டப் போய், மூன்று தடவையும் வண்டி நின்றுபோய்த் திரும்பி வந்தவள். 'மேடம் காலு சரியாகட்டும், அப்புறம் வரேன்' என்று அவளும் ஆறு வாரம் வராமல் இருந்தாள்.

பிரபாவதி இடது சீட்டில் உட்கார்ந்தாள். காலை பெடலுக்கு மேலே வைத்தாள். பிறகு எடுத்தாள். எடுத்த காலை எங்கே வைப்பது என்று தெரியவில்லை. கடைசியில் சீட்டுக்கு அருகே இழுத்து வைத்துக்கொண்டாள், தேவைப்பட்டால் எட்டுகிற தூரத்தில்.

"எடும்மா," என்றாள்.

ராட்டிணங்கிணறு பக்கம் வந்ததும் இடது பக்கச் சந்திலிருந்து ஒரு ஷேர் ஆட்டோ மூக்கை நீட்டியது. பிரபாவதியின் முதுகில் வேர்த்தது.

"லெப்டுல ஷேர் ஆட்டோ," என்றாள்.

துர்காதேவி அவள் காலைப் பார்த்தாள். கால் அசையவில்லை. முகத்தைப் பார்த்தாள். பிறகு வேறு வழியில்லாமல் ரோட்டைப் பார்த்தாள், பிரேக்கை மிதித்தாள். மிதித்தது கொஞ்சம் ஓவர். இரண்டு பேரும் முன்னால் போய்ப் பின்னால் வந்தார்கள். வண்டி நின்றுபோனது. பின்னால் வந்தவன் ஹாரன் அடித்தான். ஆட்டோக்காரர் தலையில் அடித்துக்கொண்டு தாண்டிப் போனார்.

"மேடம், நீங்க பிரேக் புடிக்கலையா?"

"நீதான ஓட்டற."

"நானா நிறுத்தினேன்?"

"பின்ன நானா? ஸ்டார்ட் பண்ணு, பின்னால பஸ்ஸு நிக்கிது."

மூன்று வாரத்தில் துர்காதேவி தேறினாள். நான்காம் தடவை லைசென்ஸ் கிடைத்தது. பிரபாவதி எல்லாரிடமும் காலை எடுத்துவிட்டாள் என்று சொல்ல முடியாது. சிலரிடம் எடுத்தால் உயிர் மிஞ்சாது. சில நாள் தன்னை மறந்து பழையபடி மிதித்துவிட்டு, நாக்கைக் கடித்துக்கொள்வாள். ஆனால் மாதக் கடைசியில் வண்டியை சர்வீஸ் விட்டுக் கொண்டுவந்த திருவேங்கடம் குழம்பிப்போனார்.

"இன்னாம்மா இது, பிரேக் கட்ட தேயவே இல்லன்றான் மெக்கானிக்கு. கிளாஸ் எடுக்கிறியா, இல்ல வண்டிய நிழல்ல போட்டுட்டு வூட்டுல கேம் ஆடறியா?"

"ரெண்டும்தான் சார்," என்றாள் பிரபாவதி.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, படாளத்துக்குப் போகிற வழியில், மனை போட்டு விற்காமல் கிடந்த ஒரு பெரிய இடத்துக்குள் அவள் ஸ்கூல் வண்டியைத் திருப்பினாள். சுற்றிலும் வெள்ளையடித்த எல்லைக்கல், நடுவில் மண்ரோடு, இரண்டு மாடு. இறங்கிச் சுற்றி வந்து, பன்னீர்செல்வம் பக்கத்துக் கதவைத் திறந்தாள்.

"அந்தப் பக்கம் போய் ஒக்காருங்க."

"எதுக்கு?"

"சும்மா ஒரு ரவுண்டு."

அவர் அவளைப் பார்த்தார், மாட்டைப் பார்த்தார், போய் உட்கார்ந்தார். பிரபாவதி இடது சீட்டில் ஏறி, செருப்பைக் கழற்றிவிட்டு, இரண்டு காலையும் மடித்து சம்மணம் போட்டு உட்கார்ந்துகொண்டாள். அதைப் பார்த்ததும் அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

வண்டி நான்கு தடவை குலுங்கி நின்றது. ஐந்தாம் தடவை போனது. முதல் கியரிலேயே உறுமிக்கொண்டு போனது. "லெப்டுல மாடு," என்றாள். மாட்டை ஒதுக்கிப் போனார். "முன்னால திருப்பம்." திருப்பினார். மண் பறந்தது. "யோவ், நல்லாத்தான்யா ஓட்டற!" என்றாள், மரியாதை எல்லாம் காற்றோடு போக. அந்தச் சந்தோஷத்தில் அவர் டிவியில் செய்கிற மாதிரியே ஒரு வளைப்பு வளைத்தார். "வலது பக்கம் கல்லு," என்று சொல்லி முடிப்பதற்குள் எல்லைக்கல் வலது பக்க விளக்கைச் சாப்பிட்டுவிட்டது.

சத்தம் அடங்கியதும் இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். பிறகு பன்னீர்செல்வம் சிரிக்க ஆரம்பித்தார். ஆற்றுக்குள் பாய்ந்த அன்றைக்குச் சிரித்த அதே சிரிப்பு. பிரபாவதிக்கும் தொற்றிக்கொண்டது. சிரித்து முடிந்து கண்ணைத் துடைத்துக்கொண்டு அவர் இறங்கினார்.

"போதும்," என்றார்.

"இன்னொரு ரவுண்டு போங்க. வெளக்கு போனா போகட்டும்."

"வேணாம் பிரபா. ஓட்டிப் பாத்தாச்சு. நல்லாத்தான் கீது. ஆனா எனக்கு ஜன்னலோரமா ஒக்காந்து தூங்கிகினு போறதுதான் புடிக்குது."

அவள் அவரை உற்றுப் பார்த்தாள். கோபம் இருக்கிறதா, பயம் இருக்கிறதா என்று. இரண்டும் இல்லை. மனிதருக்கு நிஜமாகவே வேண்டாம், அவ்வளவுதான். திருவேங்கடத்திடம் விளக்கைப் பற்றி என்ன சொல்வது என்று பேசிக்கொண்டே படாளம் போய்ச் சேர்ந்தார்கள். 'ஸ்டூடன்ட் ஒருத்தர் இடிச்சிட்டாரு' என்று சொல்வதென்று முடிவாயிற்று. அது பொய்யும் இல்லை.

ஆட்டம் இப்போதும் நடக்கிறது. கால் சரியானதால் பிரபாவதி ஸ்டூலை எடுத்து உள்ளே வைத்துவிட்டாள். ஜெபகுமார் தன் மனைவியைக் கூட்டாளியாகச் சேர்த்துக்கொண்டு, அவரும் டிவியை இரண்டாகப் பிரித்து ஆட ஆரம்பித்துவிட்டார். அங்கே இன்னும் கத்தல் காலம்தான் நடக்கிறது என்று மைக்கில் கேட்டாலே தெரியும்.

போன மாதம் துர்காதேவி சொந்தமாக ஒரு கார் எடுத்தாள். பழைய கார், நல்ல நிலைமை. முதல் பயணம் மகாபலிபுரம்தான், மேடமும் சாரும் வந்தே ஆகவேண்டும் என்று வாசலில் கொண்டுவந்து நிறுத்தினாள். பிரபாவதி பழக்க தோஷத்தில் முன்கதவைத் திறந்தாள். உள்ளே குனிந்து பார்த்தாள். இடது பக்கம் காலடியில் ஒன்றும் இல்லை, வெறும் மிதியடி. கதவைச் சாத்திவிட்டு, "நீங்க முன்னால ஒக்காருங்க," என்று கணவரிடம் சொல்லிவிட்டுப் பின் சீட்டில் ஏறினாள்.

ஊரைத் தாண்டும் வரை ஜன்னல் வழியாக ஆட்டோ, பஸ், பைக் என்று எண்ணிக்கொண்டு வந்தாள். ஒன்றிரண்டைச் சொல்லவும் சொன்னாள். துர்காதேவி "பாத்துட்டேன் மேடம்," என்றாள். அப்புறம் வயல் வந்தது, காற்று வந்தது. முன் சீட்டில் பன்னீர்செல்வம் பிளான்டில் நடந்த ஏதோ கதையைச் சொல்ல, துர்காதேவி சிரித்துக்கொண்டே ஓட்டினாள். கடைசியாக பிரபாவதிக்கு ஞாபகம் இருப்பது திருக்கழுக்குன்றம் மலை தூரத்தில் தெரிந்ததுதான்.

யாரோ தோளைத் தட்டினார்கள். கண்ணைத் திறந்தபோது வண்டி நின்றிருந்தது. கதவு திறந்திருந்தது. உப்புக் காற்றோடு வறுத்த மீன் வாசனை வந்தது.

"இன்னா, வந்துட்டமா?" என்றாள்.

"வந்து பத்து நிமிசம் ஆவுது," என்றார் பன்னீர்செல்வம். "கொறட்ட வுட்டுகினு கீற. எறங்கு, பசிக்கிது."